கடிகாரம் இல்லாத காலத்தில் ஓர் ஆண்டுக்கு எத்தனை நாள் என்று எப்படிக் கணித்தார்கள்?

கேள்வி இதுதான்: தொலைநோக்கி கிடையாது, நொடி காட்டும் கடிகாரம் கிடையாது. அப்படியிருந்தும் கிரேக்கர், அரபியர், சீனர், நம் ஆரியபட்டர் என்று பலரும் ஆண்டின் நீளத்தை நிமிடக் கணக்கில் சொல்லியிருக்கிறார்கள். உண்மையிலேயே அளந்தார்களா, இல்லை பின்னால் வந்தவர்கள் ஏற்றிச் சொன்னதா?

அளந்தார்கள். ஆனால் நாம் கற்பனை செய்துகொள்ளும் விதத்தில் இல்லை. ஓர் ஆண்டின் தொடக்கத்தையும் முடிவையும் நிமிடம் பிசகாமல் குறித்தவர் அந்தக் காலத்தில் ஒருவரும் கிடையாது. அரை நாள் பிசகாமல் குறிப்பதே பெரும்பாடு. அவர்கள் செய்தது வேறு. ஒரு தாளின் கனத்தை அளக்க யாரும் ஒற்றைத் தாளில் அளவுகோலை வைப்பதில்லை. ஐந்நூறு தாளை அடுக்கி, கட்டின் கனத்தை அளந்து, ஐந்நூறால் வகுப்போம். அதேதான். முந்நூறு ஆண்டுகளுக்கு நாட்களை எண்ணிக்கொண்டே போய், கடைசியில் ஒரு வகுத்தல். இரண்டு முனைகளையும் சேர்த்து அரை நாள் தவறாகக் குறித்திருந்தாலும், முந்நூறால் வகுத்தால் ஆண்டுக்கு 2 நிமிடம் 24 நொடிதான் பிழை. ஆக இங்கே கருவி பாதி வேலைதான் செய்கிறது, மீதியைச் செய்வது பழைய பதிவு. தாத்தாவுக்குத் தாத்தா காலத்துக் குறிப்பு பத்திரமாக இருக்க வேண்டும், நடுவில் நாள் எண்ணிக்கை அறுந்துபோகாமலும் இருக்க வேண்டும்.

சரி, முனைகளைக் குறிப்பது எப்படி? சூரியன் தெற்கே போய்த் திரும்பும் நாளை எப்படிக் கண்டார்கள்?

ஒரு குச்சியை நட்டு நண்பகல் நிழலை அளந்தால் போதும், நிழல் மிக நீளமாக இருக்கும் நாளே டிசம்பர் திருப்பம் என்று பள்ளிப் புத்தகம் சொல்லும். நான் ஒருமுறை ஒரு மீட்டர் கம்பியை நேராக நிறுத்தி இதைச் செய்து பார்த்திருக்கிறேன். முதல் நாளே விஷயம் புரிந்துவிட்டது. நிழலுக்கு ஓரம் என்று ஒன்று இல்லவே இல்லை. சூரியன் ஒரு புள்ளி அல்ல, அரைப் பாகை அகலமுள்ள வட்டு. அதனால் நிழலின் நுனி கருப்பிலிருந்து சாம்பலாகி, சாம்பலிலிருந்து வெளிச்சத்தில் கரைகிறது. எங்கள் அட்சரேகையில் ஒரு மீட்டர் கம்பிக்கு அந்த மங்கல் பட்டை மட்டும் ஒன்றரை சென்டிமீட்டர் அளவுக்கு வரும். ஆனால் திருப்ப நாளுக்கும் மறுநாளுக்கும் நிழல் நீளத்தில் உள்ள வேறுபாடோ ஒரு மில்லிமீட்டரில் பத்தில் ஒரு பங்கு! ஒரு வாரம் முழுக்க ஒரே கோட்டின்மேல் கோடு போட்டுக்கொண்டிருந்தேன்.

இந்தச் சிக்கலுக்கு ஒரு அழகான வழி உண்டு. நிழல் உச்சத்தில் இருக்கும் நாளைத் தேடவே தேடாதே. உச்சத்துக்குச் சில வாரம் முன்பு ஒரு நாள் நிழலை அளந்து வைத்துக்கொள். உச்சம் தாண்டிய பிறகு, நிழல் மறுபடி அதே நீளத்துக்கு வரும் நாளைப் பார். இரண்டுக்கும் நட்டநடுவே திருப்பம். ஒரு மாதம் முன்னால் பின்னால் போனால் அதே ஒரு மீட்டர் கம்பியின் நிழல் நாளொன்றுக்கு ஏறத்தாழ அரை சென்டிமீட்டர் மாறுகிறது. அதாவது உச்சத்தில் கிடைப்பதைவிட ஐம்பது மடங்கு. இரண்டு நாள் அளவுக்கு நடுவே விகிதம் போட்டால் நாளின் பின்னமும் கிடைத்துவிடும்.

சீனாவில் சூ சோங்ஜி கி.பி. 461இல் இதைத்தான் செய்தார். திருப்பத்துக்குச் சுமார் மூன்று வாரம் முன்பு ஒரு நாள், பின்பு அடுத்தடுத்து இரண்டு நாள் என்று மூன்றே அளவுகள். இதே யுக்தியைச் சிறிய அளவில் நம் சுல்ப சூத்திர மரபும் (வேள்வி மேடை அளக்கும் பழைய நூல்கள்) கையாண்டிருக்கிறது. சங்கு எனப்படும் நேர்க்குச்சியை நட்டு அதைச் சுற்றி வட்டம் போட்டு, காலையில் நிழல் நுனி வட்டத்தைத் தொடும் புள்ளியையும் மாலையில் தொடும் புள்ளியையும் இணைத்தால் கிழக்கு மேற்குக் கோடு கிடைக்கும். அங்கேயும் உச்சிப்பொழுதை யாரும் நேராகத் தேடவில்லை. இரண்டு பக்கமும் சமமாக வரும் கணங்களைப் பிடித்து நடுவைக் கண்டார்கள்.

எண்ணூறு ஆண்டு கழித்து குவோ ஷோஜிங் என்பவர் வந்தார். குப்லாய் கான் ஆட்சி, 1270கள். சங்கின் உயரத்தைச் சுமார் பத்து மீட்டராக ஆக்கினார். ஹெனான் மாகாணத்தில் டெங்ஃபெங் பக்கம் அவருடைய செங்கல் கோபுரம் இன்றும் நிற்கிறது. அதன் காலடியில் வடக்கு நோக்கி ஏறத்தாழ 31 மீட்டர் நீளத்துக்குக் கல்லால் ஆன அளவுகோல் படுத்துக்கிடக்கிறது. ஆனால் சங்கைப் பெரிதாக்கினால் நிழல் மங்கலும் கூடவே பெரிதாகும். அதற்குத்தான் அவர் ஒரு சின்னக் கருவி வைத்திருந்தார். மெல்லிய தகட்டில் ஊசித்துளை. அளவுகோலின்மேல் அந்தத் தகட்டை நகர்த்திக்கொண்டே போனால், துளைவழியே சூரியனின் குட்டி உருவம் கல்லில் விழும். கோபுரத்தின் மேலே கட்டியிருக்கும் குறுக்குச் சட்டம் அந்த உருவத்தின் குறுக்கே மெல்லிய கோடாகத் தெரியும். கோடு வட்டத்தைச் சரிபாதியாக வெட்டும் இடத்தில் அளவைப் படித்துக்கொள்ள வேண்டியதுதான். ஊசிமுனை அளவு ஓட்டையால் ஒரு சாண் மங்கலை ஒழித்த இந்த வேலையை எத்தனை முறை நினைத்தாலும் எனக்கு அலுப்பதில்லை.

அதைவிட முக்கியம், குவோ தன் அளவை மட்டும் நம்பவில்லை. சூ சோங்ஜி காலத்துப் பதிவோடு தன் அளவை ஒப்பிட்டார். இடையில் 800 ஆண்டுக்கும் மேல். வகுத்து வந்த விடை 365.2425 நாள். போப் பதின்மூன்றாம் கிரகரி 1582இல் கொண்டுவந்த நாட்காட்டியின் சராசரி ஆண்டும் அதே 365.2425 நாள்தான். குவோவின் நாட்காட்டி 1281இல் நடைமுறைக்கு வந்தது, அதாவது மூன்று நூற்றாண்டு முந்தி. (அவருக்கு ஒரு அதிர்ஷ்டமும் இருந்தது. பூமி சூரியனுக்கு மிக அருகே வரும் நாளும் டிசம்பர் திருப்பமும் 1246 வாக்கில் ஒன்றாகச் சேர்ந்திருந்தன. அதனால் திருப்பத்துக்கு இருபுறமும் சூரியனின் நகர்வு அவர் காலத்தில் ஏறக்குறைய ஒரே சீராக இருந்தது. நடுப்புள்ளி முறை நன்றாக வேலை செய்ய அதைவிட நல்ல காலம் கிடையாது.)

பழைய பதிவை நம்புவதில் ஒரு ஆபத்தும் உண்டு. அந்தப் பதிவு தப்பாக இருந்தால்?

கிரேக்க ஹிப்பார்க்கஸ், கி.மு. 280இல் அரிஸ்டார்க்கஸ் குறித்த கோடைத் திருப்பத்தையும் கி.மு. 135இல் தான் குறித்ததையும் ஒப்பிட்டார். 145 ஆண்டு இடைவெளி. ஆண்டு என்பது 365¼ நாளைவிட ஒரு நாளில் முந்நூறில் ஒரு பங்கு குறைவு என்றார். அதாவது 365 நாள் 5 மணி 55 நிமிடம் 12 நொடி. உண்மையைவிட ஆறு நிமிடம் அதிகம். அந்தக் காலத்துக்கு இது அபாரமான அளவு.

அடுத்து வானியலாளர் டாலமி, கி.பி. 139. தானும் அலெக்சாண்டிரியாவில் சம இரவு நாளை (பகலும் இரவும் சமமாக இருக்கும் நாள்) பார்த்ததாகவும், மிகக் கவனமாக அளந்ததாகவும், ஹிப்பார்க்கஸின் ஆண்டு நீளம் அப்படியே பொருந்துவதாகவும் எழுதினார். சிக்கல் என்னவென்றால் அவர் சொல்லும் நேரம் உண்மைச் சம இரவுக்கு ஒரு நாளுக்கும் மேல் பிந்தியிருக்கிறது. கணக்கைப் போட்டுப் பாருங்கள். ஆண்டுக்கு ஆறு நிமிடம் வீதம், இடைப்பட்ட 285 ஆண்டில் சேரும் பிழை ஒரு நாளுக்குச் சற்று மேல். அதாவது பழைய எண்ணைச் சரி என்று வைத்துக்கொண்டு முன்னோக்கிக் கணக்கிட்டால் எந்த நேரம் வருமோ, அதே நேரத்தைத்தான் அவர் பார்த்ததாகச் சொல்கிறார். அவர் பார்க்கவே இல்லை, கணக்குப் போட்டுத்தான் எழுதினார் என்று வரலாற்றாளர்கள் பலர் சந்தேகிக்கிறார்கள். எனக்கும் அப்படித்தான் தோன்றுகிறது.

இதன் விலையைக் கொடுத்தவர் அரபு வானியலாளர் அல்-பத்தானி. சிரியாவின் ரக்காவில் 882இல் சம இரவு நாளை உண்மையிலேயே நன்றாக அளந்தார். டாலமி காலத்திலிருந்து 743 ஆண்டு இடைவெளி. எவ்வளவு நல்ல நெம்புகோல்! ஆனால் நெம்புகோலின் மறுமுனை டாலமி. வந்த விடை 365 நாள் 5 மணி 46 நிமிடம் 24 நொடி, உண்மையைவிட இரண்டரை நிமிடம் போலக் குறைவு. டாலமியின் ஒரு நாளும் சில மணியுமான பிழையை 743ஆல் வகுத்துப் பாருங்கள், ஏறக்குறைய அந்த இரண்டரை நிமிடமே வந்து நிற்கும். அல்-பத்தானியின் கருவியில் குற்றமே இல்லை.

ஆண்டு இப்படி ஆட்டம் காட்டியது. மாதம் அப்படியில்லை. ஓர் அமாவாசையிலிருந்து அடுத்த அமாவாசை வரை உள்ள சராசரிக் காலத்தை பாபிலோனியர் 29 நாள் 12 மணி 44 நிமிடம் 3⅓ நொடி என்று வைத்திருந்தார்கள். இன்றைய அளவோடு வேறுபாடு அரை நொடிகூட இல்லை. அதே எண் பிறகு கிரேக்க நூல்களிலும் யூதர்களின் நாட்காட்டியிலும் இருக்கிறது. ஆண்டில் ஆறு நிமிடம் தவறிய அந்தக் காலத்தில் மாதத்தில் மட்டும் அரை நொடி தவறாதது ஏன்?

காரணம் கிரகணம். திருப்ப நாள் மழுங்கிய குறி, வாரக்கணக்கில் நிழல் அசையாது. சந்திர கிரகணம் அப்படியல்ல. மூன்று நான்கு மணி நேரத்தில் முடிந்துவிடும், நடுப்பகுதியை அரைமணி முன்பின்னாகச் சாதாரண நீர்க்கடிகாரம் வைத்தே குறித்துவிடலாம். முந்நூறு ஆண்டில் 3,700 மாதம் சொச்சம். அரைமணியை 3,700ஆல் வகுத்தால் அரை நொடி! பாபிலோனியரிடம் பதிவும் இருந்தது. வானத்தில் பார்த்ததை இரவுக்கு இரவு களிமண் பலகையில் எழுதிவைத்தார்கள். கிடைத்தவற்றில் மிகப் பழையது கி.மு. 652, கடைசியானது கி.மு. 61. ஆறு நூற்றாண்டு. அரசு மாறியது, ஆள்பவரின் மொழி மாறியது, பதிவு மட்டும் நிற்கவில்லை. 223 மாதத்துக்கு ஒருமுறை ஒரே மாதிரிக் கிரகணம் திரும்பும், 235 மாதம் 19 ஆண்டுக்குச் சமம் என்பவையெல்லாம் அந்தக் குவியலிலிருந்து எடுத்தவைதான்.

கடலுக்கு அப்பால் யாரோடும் தொடர்பில்லாத மாயா மக்களும் இதே வழியில்தான் போனார்கள். ஜெர்மனியின் டிரெஸ்டனில் உள்ள அவர்களுடைய ஏட்டில் 405 மாதத்துக்கு 11,960 நாள். பின்னமே எழுதாமல் முழு எண்களாலேயே துல்லியத்தைச் சொல்லிவிடுகிறார்கள்.

ஆரியபட்டரும் அப்படித்தான் சொன்னார். 43,20,000 ஆண்டுக்கு 157,79,17,500 நாள். வகுத்தால் 365 நாள் 15 நாழிகை 31 விநாழிகை 15 தற்பரை. ஒரு நாழிகைக்கு 24 நிமிடம் என்று மாற்றினால் 365 நாள் 6 மணி 12 நிமிடம் 30 நொடி.

இங்கேதான் பலர் தடுக்கி விழுகிறார்கள். கிரகரி நாட்காட்டி 5 மணி 49 நிமிடம் என்கிறது, ஆரியபட்டர் 6 மணி 12 நிமிடம் என்கிறார், அப்போது அவர் 23 நிமிடம் தவறு என்று முடிவு கட்டிவிடுகிறார்கள். அவர் அளந்தது வேறு ஆண்டு. சூரியன் வசந்த சம இரவிலிருந்து மறுபடி அதே சம இரவுக்கு வருவது பருவ ஆண்டு. ஒரு நட்சத்திரத்தின் அருகிலிருந்து புறப்பட்டு மறுபடி அதே நட்சத்திரத்துக்கு வருவது நட்சத்திர ஆண்டு. பூமியின் அச்சு மெல்லத் தலை சுற்றுவதால் இரண்டும் ஒன்றல்ல, நட்சத்திர ஆண்டு 20 நிமிடம் 25 நொடி நீளம். அதன் உண்மை அளவு 365 நாள் 6 மணி 9 நிமிடம் 10 நொடி. ஆரியபட்டரின் பிழை 3 நிமிடம் 20 நொடிதான். பிற்காலத்தில் சமர்கண்டில் உலுக் பெக் 40 மீட்டர் ஆரமுள்ள வளைவைக் கட்டி இதே நட்சத்திர ஆண்டை அளந்தார். அவருடைய 1437ஆம் ஆண்டு அட்டவணையில் பிழை ஒரு நிமிடத்துக்குள் அடங்கிவிட்டது.

சூரியன் இருக்கும்போது நட்சத்திரம் தெரியாதே, பிறகு எப்படி அது எந்த நட்சத்திரத்தோடு இருக்கிறது என்று அறிவது? மறுபடியும் சந்திர கிரகணம்தான் கைகொடுக்கும். கிரகண நடுவில் சந்திரன் சூரியனுக்கு நேர் எதிரே நிற்கிறது. சந்திரனுக்குப் பக்கத்து நட்சத்திரத்தைப் பார்த்துக்கொண்டு, வானத்தில் 180 பாகை தள்ளிப் போனால் அங்கே சூரியன்.

நட்சத்திர ஆண்டைப் பிடித்துக்கொண்டதன் விளைவை நாம் ஆண்டுதோறும் பார்க்கிறோம். ஆரியபட்டர் காலத்தில், கி.பி. 499 வாக்கில், மேஷப் பிறப்பும் (சித்திரை முதல் நாள்) வசந்த சம இரவும் ஏறக்குறைய ஒன்றாக இருந்தன. இன்று சம இரவு மார்ச் 20, சித்திரை முதல் நாள் ஏப்ரல் 14. இந்த இருபத்து நான்கு, இருபத்தைந்து நாளைப் பிரித்துப் பார்க்கலாம். 1,500 ஆண்டுக்கு ஆண்டொன்றுக்கு 20 நிமிடம் சொச்சம் என்றால் 21 நாள், இது அச்சு சுற்றுவதால் வந்தது. ஆண்டுக்கு 3 நிமிடம் 20 நொடி என்றால் மூன்றரை நாள், இது அளவுப் பிழையால் வந்தது. தை முதல் நாளை உத்தராயணத் தொடக்கம் என்கிறோம், வானத்தில் சூரியன் டிசம்பர் 21, 22லேயே திரும்பிவிடுகிறதே என்று கேட்பவர்களுக்கும் இதே கணக்குதான் பதில்.

நாள் எண்ணிக்கை அறுந்துபோகக் கூடாது என்றேன். அதை எப்படிக் காத்தார்கள் என்பது தனிக் கதை. அரசர் பெயர் போட்டு ஆண்டு எண்ணினால் குழப்பம்தான். ரோமில் நாட்காட்டி அவ்வளவு கெட்டுப்போனதால், அதைச் சரிசெய்ய ஜூலியஸ் சீசர் கி.மு. 46ஆம் ஆண்டை 445 நாள் ஓட்ட வேண்டியிருந்தது. எகிப்தியர் நேர்மாறு. 365 நாள், அவ்வளவுதான், மிகுநாள் கிடையவே கிடையாது. நான்கு ஆண்டுக்கு ஒரு நாள் வீதம் பருவத்தைவிட்டு நழுவினால் நழுவட்டும். விவசாயிக்கு அது தொந்தரவாக இருந்திருக்கலாம். வானியலாளருக்கோ தேன். எந்த இரண்டு தேதிக்கும் இடையே எத்தனை நாள் என்று பெருக்கியே சொல்லிவிடலாம். கோப்பர்நிக்கஸ்கூடத் தன் அட்டவணைகளை எகிப்திய ஆண்டில்தான் போட்டார். இந்திய மரபில் மாதம், ஆண்டு எதுவும் வேண்டாம் என்று ஒரே நாள் எண்ணிக்கை. கலி தொடக்கமான கி.மு. 3102 பிப்ரவரி 18இலிருந்து எண்ணிக்கொண்டே வருவது, பெயர் அகர்கணம். இன்றைக்கு அது 18 லட்சத்து 70 ஆயிரத்தைத் தாண்டிவிட்டது. கி.மு. 3102இல் யாரும் உட்கார்ந்து எண்ண ஆரம்பிக்கவில்லை, பின்னால் கணக்கிட்டு வைத்த தொடக்கம்தான். ஆனால் ஒருமுறை வைத்த பிறகு அது அறுபடவில்லை.

நாளுக்குள் நேரம் அளப்பதைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை, இந்தக் கணக்குக்கு அது துணைக்கருவிதான். அடியில் சிறு ஓட்டையுள்ள வட்டிலை நீரில் மிதக்கவிட்டு, அது மூழ்கினால் ஒரு நாழிகை. முல்லைப்பாட்டு குறுநீர்க் கன்னல் என்று சொல்லும் நீர்க்கடிகாரத்தை வைத்து அரசனுக்குப் பொழுது அறிவித்தவர்கள் இருந்தார்கள். சீனாவில் சூ சோங் 11ஆம் நூற்றாண்டின் இறுதியில் நீரால் சுழலும் ஒரு கோபுரத்தையே கட்டினார்.

இவ்வளவு எண்ணையும் தலைமுறை தாண்டிக் கடத்தியது எப்படி என்பதற்கு நம் ஊர்ப்பக்கத்திலேயே நல்ல சான்று உண்டு. சந்திரனின் வேகம் கூடிக் குறைந்து வருவதில் 9 சுற்று முடிய ஏறக்குறைய சரியாக 248 நாள் ஆகும். அந்த 248 நாளுக்கும் நாளுக்கொரு சொற்றொடர், மொத்தம் 248 வாக்கியம். வாக்கியப் பஞ்சாங்கம் என்ற பெயரே இதனால்தான். முதல் வாக்கியம் ‘கீர்ந ச்ரேய’. கடபயாதி முறையில் உயிரோடு சேர்ந்த ஒவ்வொரு மெய்க்கும் ஓர் இலக்கம்: முதல் எழுத்து ககர வர்க்கத்தில் மூன்றாவது, அதனால் 3. ந என்றால் 0, ர என்றால் 2, ய என்றால் 1. பின்னாலிருந்து படித்தால் 12, 03. முதல் நாளில் சந்திரன் நகர்வது 12 பாகை 3 கலை (ஒரு பாகைக்கு 60 கலை). பாட்டாக மனப்பாடம் செய்துவிட்டால் அட்டவணை தலைக்குள் வந்துவிடும்.

பிரெஞ்சு வானியலாளர் லெ ஜான்டி, 1769இல் சூரியனைக் கடக்கும் வெள்ளியைப் பார்க்கப் புதுச்சேரியில் காத்திருந்தார். அன்று பார்த்து மேகம் மூடிக்கொண்டது. ஆனால் அங்கிருந்த நாளில் தமிழர்களிடம் இந்தக் கணக்கைக் கற்றுக்கொண்டார். பேனா இல்லை, தாள் இல்லை, தரையில் சோழிகளைப் பரப்பி வேகமாகக் கணக்கிடுகிறார்கள் என்று எழுதி வைத்தார். 1765 ஆகஸ்ட் 30 சந்திர கிரகணம் எவ்வளவு நேரம் நீடிக்கும் என்பதில் அந்தக் கணக்கு 41 நொடி குறைவு. அப்போது ஐரோப்பாவில் பேர்பெற்ற டோபியாஸ் மேயரின் அட்டவணை 68 நொடி அதிகம். எல்லா முறையும் இப்படி வாய்க்கவில்லை. 1825இல் வாரன் என்ற அதிகாரி புதுச்சேரியிலேயே ஒரு பஞ்சாங்கக் கணிதரைப் பிடித்து, மே 31, ஜூன் 1 இரவுக் கிரகணத்தைக் கணிக்கச் சொன்னார். அவருக்குக் கோட்பாடு எதுவும் தெரியாது, வாக்கியம் தெரியும், சோழி வைக்கத் தெரியும். தொடக்கத்தில் 4 நிமிடம்தான் பிழை. நடுவில் 23 நிமிடம், முடிவில் 52 நிமிடம்.